அறிவிப்பாளர் இல்லாத மூன்று நிமிஷங்கள்

1971ல், எடின்பரோ விழா நடந்த நாட்களில், ஸ்காட்டிஷ் டெலிவிஷனின் வழக்கமான நிகழ்ச்சிகளுக்கு நடுவே ஒரு தண்ணீர்க் குழாய் தோன்றியது. வெற்றுத் திரை. அதற்குள் ஒரு குழாய் நீட்டப்படுகிறது. திறக்கப்படுகிறது. திரையின் அடியிலிருந்து நீர்மட்டம் மெல்ல ஏறுகிறது, மீன்தொட்டி நிரம்புவதைப் போல. மேல்விளிம்பு வரை நிரம்பியதும் குழாய் அகன்றுவிடுகிறது. பிறகு தண்ணீர் வடிகிறது. மட்டமாக அல்ல, சரிவாக, யாரோ பெட்டியைச் சாய்த்துப் பிடித்துக்கொண்டிருப்பது போல. அவ்வளவுதான். தொடங்குமுன் யாரும் வந்து, இன்னார் இன்ன காரியம் செய்யப் போகிறார் என்று சொல்லவில்லை. முடிந்த பின் பெயர் எதுவும் ஓடவில்லை. விட்ட இடத்திலிருந்து நிகழ்ச்சி தொடர்ந்தது.

டேவிட் ஹால் என்ற சிற்பி இப்படிச் செய்து கொடுத்த பத்துச் சிறு படங்களில் இது ஒன்று. பிற்பாடு அவற்றில் ஏழை மட்டும் சேர்த்து ‘ஏழு டி.வி. துண்டுகள்’ என்று ஒரு தொகுப்பாக்கினார். ஒளிபரப்பான சமயத்தில் அவர், வயதானவர்கள் கூடும் ஒரு கிளப்பில் போய் உட்கார்ந்திருக்கிறார். அங்கே டெலிவிஷன் சதா ஓடிக்கொண்டிருக்கும், யாரும் பார்க்கமாட்டார்கள். சிலர் பத்திரிகை படித்துக்கொண்டும் சிலர் தூங்கி வழிந்துகொண்டும் இருந்தார்கள். பெட்டிக்குள் தண்ணீர் ஏற ஆரம்பித்ததும் பத்திரிகைகள் தாழ்ந்தன, தூக்கம் கலைந்தது. முடிந்ததும் மறுபடி பத்திரிகை, மறுபடி தூக்கம். இன்னொரு துண்டுக்கு அவர் ஒரு டெலிவிஷன் விற்கும் கடைக்குப் போனார். இப்போது ஒன்று வரப்போகிறது என்று முன்கூட்டியே சொன்னதும் கடைச் சிப்பந்திகள் வரவேற்று உள்ளே அழைத்தார்கள். அது முடிந்தபோது அவர் பின்வாசல் வழியாக அவசரமாக வெளியேற வேண்டியிருந்தது. இரண்டையும் அவரே பிறகு சொல்லியிருக்கிறார்.

இந்த இரண்டு சம்பவங்களுக்கும் உள்ள வித்தியாசம் எனக்கு முக்கியமாகப் படுகிறது. கிளப்பில் யாருக்கும் எதுவும் சொல்லப்படவில்லை, அவர்கள் பார்த்தார்கள். கடையில் இது கலைஞர் ஒருவரின் வேலை என்று சொல்லப்பட்டுவிட்டது, அவர்கள் கோபப்பட்டார்கள்.

பிரிட்டிஷ் டெலிவிஷனில் பரிசோதனைக் கலைஞர்கள் தோன்றிய வரலாறு என்று எழுதப் புகுந்தால் பட்டியல் போடுவது சுலபம். இன்ன வருஷம் இன்னார், இன்ன சானல். எனக்குப் பட்டியலில் அக்கறை இல்லை. ஒவ்வொரு தடவையும் கலைஞனுக்கு முன்னால் யார் வந்து நின்றார், அவனை என்னவென்று சொல்லி அழைத்து வந்தார் என்பதில்தான் அக்கறை. டெலிவிஷனில் எதுவும் தானாக வருவதில்லை. செய்தியோ நாடகமோ பாட்டோ, அதற்கு முன்னால் ஒரு குரல் வந்து, இதை நீங்கள் எந்த மனநிலையில் பார்க்க வேண்டும் என்று சொல்லிவிடுகிறது. தன் உடம்பையும், தான் எதிரே நிற்கும் அந்த நேரத்தையுமே பொருளாகக் கொண்டு காரியம் செய்கிற நிகழ்கலைஞனுக்கு இந்தக் குரல்தான் முதல் எதிரி. அவனுடைய முழு பலமும், எதிரே இருப்பவனுக்கு இது என்னவென்று தெரியாத அந்தச் சில நொடிகளில் இருக்கிறது. அந்த நொடிகளைத்தான் அறிவிப்பாளர் முதலிலேயே எடுத்துக்கொண்டுவிடுகிறார்.

*

முதலில் திறந்தது கோமாளிக்கான கதவு.

1962ல் பி.பி.சி.யின் ‘மானிட்டர்’ என்ற கலை நிகழ்ச்சிக்காகக் கென் ரஸ்ஸல், புரூஸ் லேசி பற்றி ‘தி பிரிசர்வேஷன் மேன்’ என்று ஒரு படம் எடுத்தார். லேசி, ராயல் காலேஜ் ஆஃப் ஆர்ட்டில் ஓவியம் படித்தவர். யுத்த காலத் தலைமுறை. கடற்படையில் இருந்து, காசநோய் கண்டு, ஆஸ்பத்திரிப் படுக்கையில் படம் போடத் தொடங்கியவர். பிறர் தூக்கியெறிந்த சாமான்களையும் செயற்கைக் கைகால்களையும் மின்கருவிகளையும் சேர்த்து, மனிதன் யந்திரமாகிக்கொண்டிருப்பதைப் பற்றிக் கலவரமூட்டும் பொம்மைகள் செய்தார். கூடவே, டோனி கிரே, டக்ளஸ் கிரே என்ற சகோதரர்களின் ‘ஆல்பர்ட்ஸ்’ கோஷ்டியோடு சேர்ந்து மேடையில் வெடிகளும் உடையும் வாத்தியங்களுமாக ரகளை செய்தார். 1963ல் லண்டனில் அவர்கள் நடத்திய நிகழ்ச்சிக்குப் பெயர், ‘பிரிட்டிஷ் குப்பையோடு ஒரு மாலை’.

இங்கிலாந்தில் கிறுக்கருக்கு ஒரு கௌரவமான இடம் உண்டு. ஒருவன் கிறுக்கன் என்று முடிவு கட்டிவிட்டால் அவனிடம் பயப்பட வேண்டியதில்லை. அவன் சொல்வதைக் கேட்க வேண்டியதுமில்லை. டெலிவிஷன் லேசியை ஏற்றுக்கொண்டது இந்த அடிப்படையில்தான். சிரிப்பு அவருடைய நுழைவுச் சீட்டு. இதில் லேசிக்கு அநியாயம் நடந்தது என்று மட்டும் சொல்லிவிட முடியாது. சிரிப்பு அவருடைய சொந்தச் சொத்து. வேடிக்கை மேடையிலிருந்து அவர் அதை எடுத்துக்கொண்டார். ஆனால் அந்தப் பொம்மைகளுக்குள் இருந்த பயம் திரையைத் தாண்டி வீட்டுக்குள் வந்து சேர்ந்ததா என்பது வேறு கேள்வி.

பி.பி.சி. தன் இரண்டாவது சானலை 1964 ஏப்ரல் 20ஆம் தேதி இரவு தொடங்கியபோது, முதல் நாள் நிகழ்ச்சிகளில் ஆல்பர்ட்ஸ் கோஷ்டிக்கும் இடம் ஒதுக்கியிருந்தது. ஒரு தேசிய ஸ்தாபனம் தன் புதுமனை புகுவிழாவுக்கு இவர்களை அழைத்ததைக் குறைத்து மதிப்பிடக்கூடாது. ஆனால் அன்று மாலை பாட்டர்சீ மின் நிலையத்தில் தீ. மேற்கு லண்டன் இருளில் ஆழ்ந்தது. டெலிவிஷன் சென்டரிலும் மின்சாரம் இல்லை. வேறொரு கட்டிடத்திலிருந்து ஜெரால்ட் பிரீஸ்ட்லாண்ட் செய்தி வாசித்தார். முதலில் அவர் உதடு அசைந்தது, குரல் வரவில்லை. மறுநாள் காலை 11 மணிக்குக் குழந்தைகள் நிகழ்ச்சியோடு சானல் பிறந்தது. அன்று மாலை தொடக்க விழாவை மறுபடி ஆரம்பித்தபோது, இருட்டில் ஒரு மெழுகுவர்த்தி. டெனிஸ் டூஹி அதை ஊதி அணைத்துவிட்டு நிகழ்ச்சிக்குள் போனார்.

அந்த இரண்டு நாட்களின் உண்மையான நிகழ்கலை எது என்று கேட்டால், குரல் இல்லாமல் உதடசைத்த அந்தச் செய்தி வாசிப்பவர்தான் என்று சொல்வேன். ஸ்தாபனம் 24 மணி நேரத்துக்குள் அந்த விபத்தையும் ஒரு ஹாஸ்யமாக்கி, மெழுகுவர்த்தி வைத்து அறிமுகப்படுத்திவிட்டது. அறிவிப்பாளரின் சக்தி அப்படிப்பட்டது. மின்சாரம் நின்றுபோனதைக் கூட அவரால் நிகழ்ச்சியாக்கிவிட முடியும்.

*

டேவிட் ஹாலை நிகழ்கலைஞர் என்று சொல்லலாமா என்று சிலர் ஆட்சேபிக்கலாம். அவர் திரையில் நின்று எதுவும் செய்யவில்லை. அவர் படங்களில் நிகழ்த்துவது பெட்டிதான். அவர் 1965ல் பாரிஸ் பியென்னாலில் சிற்பத்துக்குப் பரிசு பெற்றவர். 1966ல் நியூயார்க்கின் யூத மியூசியத்தில் நடந்த ‘பிரைமரி ஸ்டிரக்சர்ஸ்’ கண்காட்சியில் இடம் பெற்றவர். சிற்பியாகையால், டெலிவிஷனை அவர் ஜன்னலாகப் பார்க்கவில்லை, ஒரு பொருளாகப் பார்த்தார். கூடத்தின் மூலையில் உட்கார்ந்திருக்கும் மரப்பெட்டி. முன்பக்கம் கனத்த கண்ணாடி. வீட்டில் யாரும் அந்தக் கண்ணாடியைப் பார்ப்பதில்லை. அதன் வழியாக வேறு எதையோ பார்க்கிறார்கள். தண்ணீர் ஏறியபோதுதான் அங்கே ஒரு கண்ணாடி இருப்பது தெரிந்தது. வேறொரு துண்டில், திறந்த வெளியில் ஒரு டெலிவிஷன் பெட்டி எரிகிறது. பார்க்கிறவனின் கூடத்திலும் அதே மாதிரிப் பெட்டிதான். கலைக்கூடத்தில் இந்தப் படங்களைப் போட்டுக் காட்டினால் நல்ல படங்கள், அவ்வளவுதான். அவை நிகழவேண்டிய மேடை அந்தக் கூடம்.

இதற்கு இரண்டு வருஷம் முன்பே, 1969 அக்டோபரில், கீத் ஆர்னட் என்ற ஆங்கிலக் கலைஞர் இதே போல ஒன்றைச் செய்திருந்தார். ஆனால் ஜெர்மனியில், கொலோன் நகரத்து டெலிவிஷனில். ஒரு மனிதன் தரையில் நிற்கிறான். அடுத்தடுத்த புகைப்படங்களில் கொஞ்சம் கொஞ்சமாக மண்ணுக்குள் இறங்கிக் காணாமற் போகிறான். அந்தப் படங்கள் நாளுக்குச் சில நொடிகள், எந்த அறிவிப்பும் இல்லாமல், நிகழ்ச்சிகளுக்குக் குறுக்கே வந்து போயின. ஆங்கிலக் கலைஞன் தன்னைப் புதைத்துக்கொள்ள ஜெர்மன் மண்ணுக்குப் போக வேண்டியிருந்தது.

ஹாலின் விஷயத்தில் நான் ஒரு சங்கடத்தை மறைக்க விரும்பவில்லை. இந்தக் குறுக்கீடுகள் திருட்டுத்தனமாக நுழைந்தவை அல்ல. ஸ்காட்டிஷ் ஆர்ட்ஸ் கவுன்சில் ஏற்பாடு செய்தது, டெலிவிஷன் நிலையம் அனுமதித்தது, நேரம் ஒதுக்கப்பட்டிருந்தது. கதவை உடைத்துக்கொண்டு வந்தவன் சட்டைப் பையில் அனுமதிக் கடிதம் இருந்தது. இதை வைத்து முழுக் காரியத்தையும் பொய் என்று தள்ளிவிடுகிறவர்கள் உண்டு. நான் அப்படி நினைக்கவில்லை. அனுமதி ஸ்தாபனத்துக்கும் கலைஞனுக்கும் இடையே உள்ள ஒப்பந்தம். கிளப்பில் தூங்கிக்கொண்டிருந்தவருக்கு அதில் பங்கில்லை. அவருக்கு நிகழ்ந்தது நிஜம். ஆனால் இந்த நிஜத்துக்கு ஹால் கொடுத்த விலை, தன் பெயர். அந்த இரவு ஸ்காட்லாந்தில் தண்ணீரைப் பார்த்த யாருக்கும் டேவிட் ஹால் என்று ஒருவர் இருப்பது தெரிந்திருக்க நியாயமில்லை. பெயருக்கு ஆசைப்படாத கலைஞன் என்று மேடையில் பேசுவது சுலபம். மூன்று நிமிஷம் அப்படி இருந்து காட்டியவர்கள் மிகச் சிலர்.

*

1976ஆம் வருஷத்தை மட்டும் எடுத்துக்கொண்டால் போதும், இந்தக் கதை முழுவதும் அதற்குள் இருக்கிறது.

பிப்ரவரியில் செங்கல் விவகாரம். டேட் காலரி சில வருஷங்களுக்கு முன் வாங்கியிருந்த கார்ல் ஆந்த்ரேயின் 120 செங்கற்களைப் பத்திரிகைகள் கண்டுபிடித்து, பொதுமக்கள் பணம் இப்படிப் போகிறதே என்று கூக்குரலிட்டன. நவீன கலை என்றால் மோசடி என்பது அந்த வருஷம் ஒவ்வொரு வீட்டிலும் தெரிந்த உண்மையாகிவிட்டது.

மார்ச்சில் பி.பி.சி.யின் இரண்டாவது சானலில் ‘அரினா’ நிகழ்ச்சி, வீடியோ கலைக்காக ஒரு முழு இதழை ஒதுக்கியது. அதன் தொடக்கத்தில் ஹாலின் ‘திஸ் இஸ் எ டெலிவிஷன் ரிசீவர்’. ரிச்சர்ட் பேக்கர் திரையில் வந்தார். நாடே நம்பிய செய்தி வாசிப்பவர், 1954ல் பி.பி.சி.யின் முதல் டெலிவிஷன் செய்தியறிக்கைக்குக் குரல் கொடுத்தவர். அந்தக் காலத்தில் வாசிப்பவரின் முகத்தைக் காட்டும் வழக்கமே இல்லை. முகம் வந்தால் செய்தியின் கனம் குறைந்துவிடும் என்று கருதினார்கள். 22 வருஷம் கழித்து அந்த முகம் அருகே வந்து, நீங்கள் பார்ப்பது ஒரு மனிதன் அல்ல, ஒரு பெட்டி, அதில் ஒளி, அதிலிருந்து ஒலி, என்று செய்தி வாசிக்கும் அதே நிதானத்தில் விளக்குகிறது. பிறகு அந்தக் காட்சியைத் திரையிலிருந்தே மறுபடி படமெடுத்திருக்கிறார்கள். அதையும் மறுபடி. ஒவ்வொரு நகலிலும் கண்ணாடியின் வளைவு முகத்தை இழுத்துக் கோணலாக்குகிறது; குரல் கரகரத்துத் தேய்கிறது. கடைசியில் முகமும் இல்லை, வார்த்தையும் இல்லை. துடிக்கும் வெளிச்சம் மட்டும்.

ஹால் செய்த மிகப் பெரிய காரியம் இது என்று நினைக்கிறேன். 1971ல் அவர் அறிவிப்பாளரைத் தவிர்த்தார். 1976ல் அறிவிப்பாளரையே அழைத்து வந்து, அவர் வாயாலேயே அறிவிக்க வைத்து, அவரைக் கரைத்துவிட்டார். அதில் வன்மம் இல்லை. பேக்கர் சொல்வதெல்லாம் உண்மை. அந்த உண்மையே அவரைத் தின்றுவிடுகிறது. அறிமுகக் குரலைத் தாண்ட முடியாது என்றால் அந்தக் குரலையே நிகழ்த்த வைக்கலாம் என்ற வழி இங்கே திறந்தது.

அக்டோபரில் லண்டன் ஐ.சி.ஏ. கலைக்கூடத்தில் ‘காம் டிரான்ஸ்மிஷன்ஸ்’ கோஷ்டியின் ‘பிராஸ்டிடியூஷன்’ கண்காட்சி. ஹல் நகரத்திலிருந்து வந்தவர்கள் இவர்கள். ஜெனிசிஸ் பி-ஆரிட்ஜ், கோஸி ஃபானி டுட்டி முதலானோர். ஆபாசப் பத்திரிகைகளுக்குத் தான் மாடலாக நின்ற படங்களையே கோஸி சட்டம் போட்டுத் தன் வேலையாக முன்வைத்தார். ஒரு வார காலக் கண்காட்சி. நிக்கலஸ் ஃபேர்பேர்ன் என்ற பாராளுமன்ற உறுப்பினர் இவர்களை நாகரிகத்தை நாசம் செய்பவர்கள் என்று பழித்தார். அந்தப் பட்டம் இவர்களோடு நிலைத்துவிட்டது. கவனிக்க வேண்டியது, இவர்கள் செய்த பதில் காரியம். தங்களைத் திட்டி வந்த பத்திரிகைத் துண்டுகளைத் தினம் தினம் எடுத்துக் கண்காட்சிச் சுவரிலேயே மாட்டினார்கள். திட்டுகிறவன் அவனறியாமலே கண்காட்சிக்குப் பொருள் தயாரித்துக் கொடுத்தான்.

ஆறு வாரம் கழித்து, டிசம்பர் 1ஆம் தேதி மாலை, தேம்ஸ் டெலிவிஷனில் பில் கிரண்டி, ‘செக்ஸ் பிஸ்டல்ஸ்’ பையன்களை நேரடி ஒளிபரப்பில் பேட்டி கண்டார். ஏதாவது அதிர்ச்சியாகச் சொல்லுங்களேன் என்று அவரே தூண்டினார். அவர்கள் சொன்னார்கள். மறுநாள் பத்திரிகைகள் பற்றி எரிந்தன. கிரண்டி இரண்டு வாரம் வேலையிலிருந்து நிறுத்தி வைக்கப்பட்டார். இவர்கள் பாட்டுக்காரர்கள்தானே, நிகழ்கலைக்கும் இவர்களுக்கும் என்ன என்று கேட்கலாம். எனக்கு வேண்டியது கிரண்டியின் வேடம். இங்கே அறிவிப்பாளர் அவதூறை அறிவிக்கவில்லை, கேட்டு வாங்கினார். கோமாளிக் கதவுக்குப் பக்கத்தில் இரண்டாவது கதவு திறந்தாயிற்று. இதன் வழியாக வருகிறவனைப் பார்த்துச் சிரிக்க வேண்டாம், கொதித்தால் போதும். இரண்டிலும் பார்ப்பது மட்டும் நடக்காது.

*

1982 நவம்பர் 2ஆம் தேதி சானல் ஃபோர் தொடங்கியது. உருவத்திலும் உள்ளடக்கத்திலும் புதுமைக்கும் பரிசோதனைக்கும் ஊக்கம் தரவேண்டும் என்று சட்டமே அதற்குக் கட்டளையிட்டிருந்தது. பரிசோதனையைச் சட்டத்தில் எழுதி வைத்த தேசம் வேறு எத்தனை இருக்கும்? அதன் பலன் நிஜமானது. 1984ல் இயன் பிரேக்வெல், தான் பல வருஷமாக எழுதி வந்த நாட்குறிப்பைக் காமிராவைப் பார்த்துத் தன் குரலிலேயே சொன்னார். தெருவில், எதிர் ஜன்னலில், கண்ணில் பட்ட அற்ப சங்கதிகள், அவற்றுக்குள் ஒளிந்திருக்கும் விபரீதம். 1986ல் சார்ல்ஸ் அட்லஸ், நடனக்காரர் மைக்கேல் கிளார்க்கின் ஒரு நாள் வாழ்க்கையை எடுத்த படம் வந்தது. வாழ்க்கைச் சித்திரம் போல வேஷம் போடுகிற படம். லீ பவரி அதில் தன் உடைகளோடும் உடம்போடும் வருகிறார். செய்திப் படத்தின் சட்டகத்தையே ஒரு நாட்டிய உடையாக மாட்டிக்கொண்டது அது. பேக்கரின் முகத்தில் ஹால் கண்ட வழி வேறொரு விதமாக இங்கே தொடர்ந்தது.

இந்தக் காலத்தைப் பொற்காலம் என்று எழுதுகிறவர்களோடு எனக்கு முழு உடன்பாடு இல்லை. பரிசோதனைக்கென்று ஒரு சானல், அதற்குள் ஒரு நேரம் என்று வந்துவிட்டால், அந்த நேரத்துக்குப் பெட்டியைத் திறக்கிறவன் பரிசோதனையை எதிர்பார்த்தே திறக்கிறான். அவன் கையில் பத்திரிகை இல்லை, நழுவி விழுவதற்கு. அறிவிப்பாளர் தனியாக வந்து எதுவும் சொல்லத் தேவையில்லாமல் போய்விட்டது. அந்த நேரமே அறிவிப்பாளர். கலைஞர்களுக்குப் பணம் கிடைத்தது, பெயர் ஓடியது, வேலைகள் பாதுகாக்கப்பட்டன. இதெல்லாம் சின்ன விஷயமில்லை. ஆனால் கிளப்பில் தூங்கிக்கொண்டிருந்தவர் மறுபடி தூங்கப் போய்விட்டார். அவரை எழுப்பும் பொறுப்பு யாருக்கும் இல்லாமலாயிற்று.

1990ல் இதே சானலுக்காக ஹால் செய்தது ‘ஸ்டூக்கி பில் டி.வி.’ ஸ்டூக்கி பில் ஒரு பொம்மைத் தலை. 1925ல் லண்டன் ஸோஹோவில் ஒரு மாடி அறையில் ஜான் லோகி பெய்ர்ட் டெலிவிஷனைக் கண்டுபிடிக்கும் முயற்சியில் இருந்தபோது, விளக்குகளின் உக்கிரத்தில் மனிதர்களை உட்கார்த்த முடியாததால் அந்தப் பொம்மையைத்தான் நிறுத்தினார். அக்டோபரில் பொம்மையின் முகம் திரையில் அடையாளம் தெரிந்தது. உடனே கீழே ஓடி, வில்லியம் டெய்ன்டன் என்ற ஆபீஸ் பையனை இழுத்து வந்தார். வெப்பம் தாங்காமல் நழுவப் பார்த்தவனுக்கு அரை கிரவுன் காசு கொடுத்து விளக்கின் முன் நிறுத்தினார். பிரிட்டிஷ் டெலிவிஷனின் முதல் நிகழ்கலைஞன் அவன்தான். தான் என்ன செய்கிறோம் என்று அவனுக்கும் தெரியாது. அவனை யாரும் அறிமுகப்படுத்தவும் இல்லை. ஹால் தன் படத்தில் அந்தப் பொம்மையைப் பெய்ர்டோடு பேச வைத்தார்.

*

இதுவரை நான் சொல்லி வந்தது, அறிவிப்பாளர் இல்லாவிட்டால் கலை பிழைக்கும் என்பது. இனி, அது எவ்வளவு அபாயமான வாதம் என்பதையும் நானே சொல்லிவிட வேண்டும்.

1992 பிப்ரவரி 19ஆம் தேதி, சானல் ஃபோரின் ‘டிஸ்பாட்சஸ்’ என்ற புலனாய்வு நிகழ்ச்சி, பிரிட்டனில் சாத்தான் வழிபாட்டுச் சடங்குகளில் கொடுமைகள் நடப்பதற்கு ஆதாரம் என்று சில வீடியோக் காட்சிகளைக் காட்டியது. ரத்தம், முகமூடி, கட்டப்பட்ட உடல். அந்தக் காட்சிகள் உண்மையில் பி-ஆரிட்ஜும் சகாக்களும் 1980களில் செய்த நிகழ்கலை வீடியோவிலிருந்து எடுக்கப்பட்டவை. டெரெக் ஜார்மனும் அதில் பங்கேற்றவர். இது பின்னால் தெரிய வந்தது. ஆனால் அதற்குள் போலீஸார் பிரைட்டனில் பி-ஆரிட்ஜின் வீட்டைச் சோதனையிட்டு, வருஷக்கணக்கில் சேர்த்த நாடாக்களையும் படங்களையும் அள்ளிக்கொண்டு போயிருந்தார்கள். அப்போது பி-ஆரிட்ஜ் குடும்பத்தோடு நேபாளத்தில் இருந்தார். ஊர் திரும்பாமல் அமெரிக்காவுக்குப் போய்விட்டார். வழக்கு எதுவும் போடப்படவில்லை.

யோசித்துப் பார்க்கிறேன். இந்த வீடியோவில் கலைஞர்கள் தங்களை விளக்கிக்கொள்ளவில்லை. இது நிஜமா நடிப்பா என்று பார்ப்பவன் தடுமாற வேண்டும் என்பதே அவர்கள் நோக்கம். நான் கொண்டாடிய அந்தத் தெரியாத நொடிகளை அவர்கள் நீளமாக இழுத்துப் பார்த்தார்கள். பெயரில்லாத அந்தக் காட்சிக்கு வேறொருவர் வந்து பெயர் வைத்தார். கலைஞன் காலி செய்த அறிவிப்பாளரின் நாற்காலி காலியாகவே இருந்துவிடுவதில்லை. ஹாலின் தண்ணீர் கெடுதலில்லாத தண்ணீர். அதற்கு யாரும் குற்றப் பெயர் வைக்க முடியாது. ரத்தத்துக்கு வைக்க முடியும். பதினாறு வருஷம் முன்பு வசவுகளைச் சுவரில் மாட்டித் தன் வேலையாக்கிய அதே மனிதர்தான் இவர். கலைக்கூடத்தின் சுவர் அவர் கையில் இருந்தது. டெலிவிஷனின் சுவர் அவர் கையில் இல்லை. இரண்டு வருஷம் முன்பு ஸ்டூக்கி பில்லைப் பேச வைத்த அதே சானல் இது என்பதையும் மறக்க முடியவில்லை.

2012 மார்ச்சில் ஹால், லண்டனில் ஒரு நிலவறைக் கூடத்தில் 1001 பழைய டெலிவிஷன் பெட்டிகளை மல்லாத்தி அடுக்கி வைத்தார். ஒவ்வொன்றிலும் அப்போது ஒளிபரப்பாகிக்கொண்டிருந்த ஏதோ ஒரு சானல். எல்லா அறிவிப்பாளர்களும் ஒரே சமயத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். ஏப்ரல் நடுவில் லண்டனில் பழைய முறை ஒளிபரப்பு படிப்படியாக நிறுத்தப்பட்டது. பெட்டிகள் ஒவ்வொரு சானலாகப் பேச்சிழந்து, கடைசியில் 1001 பெட்டிகளிலும் வெறும் புள்ளி மழையும் இரைச்சலும். பேக்கரின் முகத்துக்கு நடந்தது ஒட்டுமொத்த டெலிவிஷனுக்கும் நடந்தது. இரண்டு வருஷம் கழித்து, 2014ல், ஹால் இறந்துபோனார்.

சென்ற மாதம் கவிஞரான என் நண்பர் ஒருவருக்கு அந்தத் தண்ணீர்க் குழாயைக் கம்ப்யூட்டரில் காட்டினேன். எதுவும் சொல்லாமல் ஓட விட வேண்டும் என்பது என் திட்டம். “இருய்யா, கீழே என்ன எழுதியிருக்குன்னு முதல்ல பாத்துருவோம்” என்றார். படித்தார். பிறகு பார்த்தார். “ஐடியா நல்லாருக்கு” என்றார். அவர் கையிலிருந்து எதுவும் விழவில்லை. தட்டையான அந்தத் திரையில் தண்ணீர் நிற்பதற்கு இடமும் இல்லை.

அவரைக் குறை சொல்ல எனக்கு என்ன தகுதி இருக்கிறது? கவிதைக்கு முன்னால் குறிப்பு எழுதுகிறவன் நான். மொழிபெயர்ப்புக்கு முன்னுரை, தொகுப்புக்குப் பின்னுரை, இன்னார் இன்ன மரபு, இதை இப்படிப் படியுங்கள். விமர்சகன் என்று நாம் கௌரவமாகச் சொல்லிக்கொள்வது அந்த மெழுகுவர்த்தியை ஊதியவரின் வேலையைத்தான். இந்தக் கட்டுரையைப் படித்த யாரும் இனி அந்தக் குழாயைக் கிளப்பில் இருந்தவர்களைப் போலப் பார்க்க முடியாது. அதைக் கெடுத்தவன் நான்.

இருந்தும் எழுதியிருக்கிறேன். பிரைட்டனில் அள்ளிக்கொண்டு போன நாடாக்களை நினைத்து. நாம் சொல்லாமல் விட்டால் வேறு யாராவது சொல்லிவிடுவார்கள். அவர்கள் சொல்வது அனேகமாகப் போலீஸார் கேட்க விரும்புவதாக இருக்கும். சொல்லவும் வேண்டும், சொல்லி முடித்ததும் திரையிலிருந்து விலகிக்கொள்ளவும் வேண்டும். பேக்கர் கரைந்துபோனதைப் போலக் கரைந்துபோகத் தெரிந்த ஒரு விமர்சனம் நம்மிடம் இருக்கிறதா என்று கேட்டுக்கொள்கிறேன். என்னிடம் இல்லை.